இதில் எது கெடுதல்? நுண்ணோக்கிப் படங்கள் நோயை விளக்கும் விதம்

பினாங்கில் ஆயர் ஈத்தாம் பக்கம் ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பின் கீழ்த்தளத்தில் ஒரு சின்ன மண்டபம் இருக்கிறது. பிறந்தநாள் விருந்து, தேவார வகுப்பு, குடியிருப்பாளர் கூட்டம் எல்லாம் அங்கேதான். சில ஆண்டுகளுக்கு முன் ஒரு சனிக்கிழமை மாலை, நுண்ணோக்கி ஒன்றையும் ப்ரொஜெக்டர் ஒன்றையும் தூக்கிக்கொண்டு அங்கே போனேன். டிங்கி, காசநோய், எலிச் சிறுநீர்க் காய்ச்சல் பற்றிப் பேச அழைத்திருந்தார்கள். கூட்டத்தை முதலில் பிடித்து உட்கார வைக்க வேண்டுமே என்று, கட்டடத்துக்குப் பின்னால் ஓடும் கால்வாயிலிருந்து ஒரு சொட்டுத் தண்ணீரை எடுத்து, சுவர் முழுக்கப் பெரிதாக்கிக் காட்டினேன்.

செருப்பின் அடிப்பாகம் போல இருக்கும் பரமேசியங்கள் என்ற ஒற்றை அணு உயிர்கள் சுவரின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்குப் பாய்ந்தன. ரோட்டிஃபர் என்ற நுண்ணிய நீர்வாழ் உயிர் ஒன்று வாயைச் சுற்றியுள்ள மயிர்களைச் சக்கரம் போலச் சுழற்றித் தின்றுகொண்டிருந்தது. பிள்ளைகள் கூச்சல் போட்டார்கள். பெரியவர்கள் முகம் சுளித்தார்கள். முன்வரிசையில் இருந்த ஒரு பாட்டி மட்டும் கையை உயர்த்திக் கேட்டார்: “ஏம்மா, இதுல எது நமக்குக் கெடுதல்?”

எதுவுமே இல்லை என்பதுதான் உண்மையான பதில். சொன்னேன். “அப்போ கெடுதல் செய்யறது எங்க இருக்கு? அத காட்டும்மா” என்றார். காட்டுவதற்கு அன்று என்னிடம் ஒன்றும் இல்லை.

மருத்துவமனை ஆய்வகத்தில் இருபது ஆண்டுகளுக்கு மேலாக இரத்தமும் சளியும் பார்த்தே பழகியவள் நான். அந்தப் பாட்டியின் இரண்டு கேள்விகளும் நுண்ணோக்கிப் படங்களைப் பற்றிய என் எண்ணத்தையே திருப்பிப் போட்டுவிட்டன. கிருமியைக் காட்டினால் நோய் புரிந்துவிடும் என்று நாம் சுலபமாக நம்பிவிடுகிறோம். கிருமி நம்மிடம் வந்து சேரும் வழியைக் காட்டாத படம், எவ்வளவு அழகாக இருந்தாலும், பார்த்தவரைப் பயமுறுத்துமே தவிர அவருக்கு ஒன்றும் கற்றுத் தராது. அதைத்தான் இங்கே விரிவாக எழுத நினைக்கிறேன்.

நுண்ணுலகத்தைத் திரைக்குக் கொண்டுவரும் முயற்சிக்குச் சினிமாவின் வயதேதான். 1903இல் லண்டனின் அல்ஹம்ப்ரா அரங்கில் பாலாடைக்கட்டியில் ஊரும் உண்ணிகளைப் பெரிதாக்கிக் காட்டினார்கள். சார்லஸ் அர்பன் தயாரிக்க, மார்ட்டின் டங்கன் படம் பிடித்தார். மக்கள் வாய்பிளந்து பார்த்தார்கள். அது ஒரு வேடிக்கைதான். நோய்க்கிருமியைப் படம் பிடித்ததில் பெரிய அடி எடுத்து வைத்தவர் பிரான்சு நாட்டு மருத்துவர் ழான் கொமாந்தோன். 1909இல், பாத்தே நிறுவனத்தின் உதவியோடு, மேகநோய் எனப்படும் சிஃபிலிஸின் கிருமியை அது உயிரோடு நெளியும்போதே படச்சுருளில் பதிந்து, பாரிசில் அறிவியல் கழகத்தின் முன் திரையிட்டார்.

இதில் என்ன சிரமம் என்று தோன்றலாம். அந்தக் கிருமி நூலைவிட மெல்லிய சுருள். சாதாரண வெளிச்சத்தில் கண்ணாடி போலக் கண்ணுக்கே படாது. அதனால் வெளிச்சத்தை நேராக விடாமல் பக்கவாட்டில் விட வேண்டும். இருட்டு அறைக்குள் சன்னல் இடுக்கு வழியாக வெயில் விழும்போது தூசு மின்னுமே, அதே போலக் கறுப்புப் பின்னணியில் கிருமி வெள்ளையாக மின்னும். ஆனால் அப்படி மின்னுவதைப் படச்சுருள் பிடித்துக்கொள்ள மிகப் பிரகாசமான விளக்கு வேண்டும். அந்தச் சூட்டில் கிருமி வெந்துவிடும். கொமாந்தோன் கேமராவின் மூடி திறக்கும் கணத்தில் மட்டும் வெளிச்சம் விழும்படி அமைத்துக்கொண்டார். இன்றைக்கும் உயிருள்ளதைப் படம் பிடிப்பவர்கள் போராடுவது இதே இரண்டோடுதான்: பார்க்கப் போதுமான வெளிச்சம் வேண்டும், அந்த வெளிச்சத்தில் அது சாகாமலும் இருக்க வேண்டும்.

கொமாந்தோனின் படத்தில் இன்னொரு விஷயம் இருக்கிறது. வாயிலும் புண்ணிலும் சும்மா வாழும் வேறு சுருள் கிருமிகளும் உண்டு. அசையாத படத்தில் இரண்டையும் பிரித்தறிவது கடினம். அவை நெளியும் விதத்தில்தான் வித்தியாசம் தெரியும். ஆக, அங்கே அசைவே தகவல். சினிமாவுக்கு அங்கே உண்மையான வேலை இருந்தது. நம் ஊரில் மழைக்காலத்தில் பயப்பட வேண்டிய எலிச் சிறுநீர்க் காய்ச்சலின் கிருமியும் இப்படித்தான். முனைகள் கொக்கி போல வளைந்து, கேள்விக்குறி வடிவில், கறுப்புப் பின்னணியில் சுழன்று சுழன்று ஓடும். கோலாலம்பூரில் 1900இல் தொடங்கிய மருத்துவ ஆய்வுக் கழகத்தில் வில்லியம் ஃபிளெட்சர் 1920களில் இந்தக் காய்ச்சலை ஆராய்ந்தார். 

எல்லா நோய்க்கும் இது பொருந்தாது. காசநோயை எடுத்துக்கொள்ளுங்கள். அண்மைய ஆண்டுகளில் மலேசியாவில் ஆண்டுக்கு 20,000 பேருக்கு மேல் காசநோய் கண்டுபிடிக்கப்படுகிறது. 2,000 பேருக்கு மேல் சாகிறார்கள். டிங்கியில் சாகிறவர்களைவிடப் பல மடங்கு. ஆனால் காசநோய்க் கிருமிக்கு நீந்தவே தெரியாது. அதற்கு வாலும் இல்லை, மயிரும் இல்லை. ஆய்வகத்தில் சளியைக் கண்ணாடித் தகட்டில் தடவி, சூடு காட்டி, சாயம் ஏற்றிப் பார்ப்போம். நீலப் பின்னணியில் சின்னச் சிவப்புக் குச்சிகள். அவ்வளவுதான். அவையும் செத்தவை. அதைச் சுவரில் காட்டினால் எந்தப் பிள்ளையும் கூச்சல் போடாது.

சினிமா ஓடுவதையும் துள்ளுவதையும்தான் விரும்பும். அதனால் நுண்ணோக்கிப் படம் எடுப்பவர் கை தன்னாலேயே ஓடுகிற உயிர்களின் பக்கம் போகும். பார்ப்பவர் மனத்தில் ‘அசைகிறது, ஆகவே ஆபத்து’ என்று பதிந்துவிடும். சாக்கடைச் சொட்டில் துள்ளிக் குதித்தவை ஒரு தீங்கும் செய்யாதவை. ஆளைக் கொல்லும் சிவப்புக் குச்சி அசைவதே இல்லை. அன்று மண்டபத்தில் நான் செய்த தவறு இதுதான்.

நிபுணர்கள் கண்ணையும் இது ஏமாற்றும். மருத்துவ மாணவர்கள் பெரும்பாலும் பார்த்திருக்கும் ஒரு சிறு படம் உண்டு. 1950களில் அமெரிக்காவின் வாண்டர்பில்ட் பல்கலைக்கழகத்தில் டேவிட் ரோஜர்ஸ் 16 மில்லிமீட்டர் படச்சுருளில் எடுத்தது. வெள்ளை அணு ஒன்று சிவப்பணுக்களுக்கு இடையில் வளைந்து வளைந்து ஒரு பாக்டீரியாவைத் துரத்திப் பிடித்து விழுங்குகிறது. பூனை எலியைத் துரத்துவது போலவே இருக்கும். பார்க்கும் ஒவ்வொரு முறையும் எனக்குச் சிலிர்க்கிறது. ஆனால் அந்த பாக்டீரியா ஓடவில்லை. அது ஸ்டெஃபிலோகாக்கஸ், அதற்கும் நீந்தத் தெரியாது. வெள்ளை அணு நகரும்போது தள்ளுகிறது, சுற்றியுள்ள நீர்மம் அலைக்கழிக்கிறது. நம் மனம்தான் ‘தப்பித்து ஓடுகிறது’ என்று கதை கட்டிக்கொள்கிறது. துரத்தும் பக்கம் மட்டும் உண்மை. கிருமி விடும் வேதிப்பொருளை மோப்பம் பிடித்து வெள்ளை அணு வருவது நிஜம். இந்த ஒரு வரியைச் சேர்த்துச் சொல்லிவிட்டால் அந்தப் படம் இன்னும் அற்புதமாகிவிடும்.

அப்புறம் வேகம். பெரிதாக்கும்போது உருவம் மட்டும் பெருப்பதில்லை, வேகமும் பெருக்கிறது. நீந்தும் பாக்டீரியா ஒன்று வினாடிக்குச் சுமார் 25 மைக்ரோமீட்டர் போகும். மில்லிமீட்டரை ஆயிரமாக வெட்டினால் ஒரு துண்டு ஒரு மைக்ரோமீட்டர். நேர்க்கோட்டில் போனாலும் அது உங்கள் சுண்டுவிரல் நகத்தைக் கடக்க ஏழு நிமிடம் ஆகும். அதே பாக்டீரியாவை 20,000 மடங்கு பெரிதாக்கி இரண்டு மீட்டர் சுவரில் விட்டால், வினாடிக்கு அரை மீட்டர் பாயும். பார்ப்பவருக்குக் கையில் ஏறி ஓடிவரும் போலத் தோன்றும். படத்தின் மூலையில் ஓர் அளவுக்கோடும், பேசுபவர் வாயில் ‘நகத்தைக் கடக்க ஏழு நிமிடம்’ என்ற ஒரு வாக்கியமும் இருந்தால் போதும், அந்த வீண் பயம் வராது.

காலத்தைச் சுருக்கிக் காட்டும் படத்தில் இதே தொல்லை வேறு விதமாக வரும். வயிற்றில் வாழும் ஈ. கோலை பாக்டீரியா நல்ல தீனி கிடைத்தால் இருபது நிமிடத்தில் இரண்டாகும். காசநோய்க் கிருமிக்கு ஏறக்குறைய இருபது மணி நேரம் வேண்டும். பத்து நிமிடத்துக்கு ஒரு படம் எடுத்து, வினாடிக்கு 24 படமாக ஓட்டினால், நான்கு மணி நேரம் ஒரு வினாடியாகிவிடும். ஒரு வாரம் 42 வினாடியில் முடிந்துவிடும். காசநோய்க் கிருமி காட்டுச்செடி போல மளமளவென்று வளர்வதாகத் தெரியும். உண்மை நேர்மாறு. அது வளரும் மந்தகதிதான் முழுக் கதையும். பெருகிக்கொண்டிருக்கும் கிருமியை மருந்துகள் சுலபமாகக் கொல்லும். மெதுவாக இருப்பதையும் தூங்கிக் கிடப்பதையும் கொல்ல நாளாகும். அதனால்தான் மாத்திரை ஆறு மாதம். இரண்டாவது மாதமே இருமல் நின்று, உடம்பு தேறி, ‘இனி எதுக்கு மாத்திரை’ என்று நிறுத்திவிட்டு, பிறகு நோய் முற்றி வந்தவர்களின் சளியை நான் எத்தனையோ முறை பார்த்திருக்கிறேன். இரண்டு கிருமிகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, ஒவ்வொன்றின் மேலும் கடிகாரம் ஓடும்படி ஒரே ஒரு நிமிடப் படம் இருந்தால், அந்த ஆறு மாதத்தை விளக்க எனக்கு வேறு எதுவும் தேவையில்லை.

பினாங்குக்காரர்கள் பெருமையோடு சொல்லிக்கொள்ளும் ஒருவர் வாழ்க்கையில், நுண்ணோக்கியின் வலிமையும் எல்லையும் ஒரே நேரத்தில் தெரிந்தன. டாக்டர் ஊ லியன் தே 1879இல் பினாங்கில் பிறந்தவர். பினாங்கு ஃபிரீ ஸ்கூல் மாணவர், கேம்பிரிட்ஜில் மருத்துவம் படித்தார். 1910 டிசம்பரில் மஞ்சூரியாவின் ஹார்பின் நகரில் மக்கள் கொத்துக் கொத்தாகச் செத்துக்கொண்டிருந்தபோது சீன அரசு அவரை அங்கே அனுப்பியது. அப்போது அவருக்கு வயது 31. இறந்துபோன ஒரு ஜப்பானியப் பெண்ணின் உடலைப் பரிசோதித்து, பிளேக் கிருமியை நுண்ணோக்கியில் கண்டார். உள்ளூர் அதிகாரிகளையும் அழைத்து, அதே நுண்ணோக்கியில் பார்க்கச் சொன்னார். நவீன மருத்துவம் அறியாதவர்களை நம்பவைப்பது எளிதாக இல்லை என்று பின்னாளில் அவரே எழுதினார். வட்டத்துக்குள் தெரியும் சில கறைகளுக்கும் தெருவில் கிடக்கும் பிணங்களுக்கும் என்ன தொடர்பு என்பதை அந்தக் கறைகளே சொல்லிவிடாதல்லவா?

இதைவிட முக்கியமானது அடுத்து நடந்தது. மெஸ்னி என்ற பிரெஞ்சு மருத்துவரும் ஹார்பின் வந்தார். அனுபவசாலி. அது பிளேக் என்பதில் அவருக்கும் ஐயம் இல்லை. ஆனால் எலியிடமிருந்துதான் பரவும் என்று உறுதியாக இருந்தார். மூச்சுக்காற்றில் ஆளுக்கு ஆள் பரவுகிறது, பஞ்சு வைத்துத் தைத்த துணிக் கவசத்தை மூக்கிலும் வாயிலும் கட்டுங்கள் என்ற ஊ லியன் தேயின் பேச்சை அவர் ஏற்கவில்லை. கவசமின்றி நோயாளிகளைப் பார்த்தார். சில நாட்களில் அதே நோயில் இறந்தார். கிருமியைப் பற்றி இருவருக்கும் சண்டையே இல்லை. சண்டையெல்லாம் அது வரும் வழியைப் பற்றித்தான். அந்தக் கொள்ளைநோயில் ஏறக்குறைய 60,000 பேர் மாண்டார்கள். கோவிட் காலத்தில் நாம் எல்லாரும் கட்டிக்கொண்ட முகக்கவசத்தின் முன்னோடி அந்தப் பஞ்சுத் துணிதான்.

நம் நாட்டிலேயே வழியைத் தவறாகக் கருதியதற்கு விலை கொடுத்திருக்கிறோம். 1998இல் பேராக்கிலும், பிறகு நெகிரி செம்பிலானிலும் பன்றிப் பண்ணைத் தொழிலாளர்கள் மூளைக்காய்ச்சலில் விழுந்தார்கள். கொசுவால் பரவும் ஜப்பானிய மூளைக்காய்ச்சல் என்று எண்ணி, புகையடிப்பதும் தடுப்பூசி போடுவதும் நடந்தன. நோய் நிற்கவில்லை. 1999 மார்ச்சில் கோலாலம்பூரில் மலாயாப் பல்கலைக்கழகத்தின் டாக்டர் சுவா காவ் பிங், ஒரு நோயாளியிடமிருந்து எடுத்த மாதிரியை வளர்ப்பு உயிரணுக்களில் விட்டு நுண்ணோக்கியில் பார்த்தார். உயிரணுக்கள் ஒன்றோடொன்று கரைந்து சேர்ந்து பெரிய திட்டுகளாகிக் கிடந்தன. கொசு கொண்டுவரும் அந்த வைரஸ் அப்படிச் செய்வதில்லை. சுங்கை நிபா என்ற கிராமத்தின் பெயரைத் தாங்கிய புதிய வைரஸ் அது. பன்றிகளோடு நெருங்கிப் பழகுவதுதான் வழி என்று தெரிந்த பிறகே நோய் அடங்கியது. 265 பேர் பாதிக்கப்பட்டு, 105 பேர் இறந்தார்கள். பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட பன்றிகள் கொல்லப்பட்டன.

கவனியுங்கள், டாக்டர் சுவா கண்டது வைரஸை அல்ல. அது விட்டுச்சென்ற தடத்தை. இங்கேதான் நுண்ணோக்கிப் படத்தின் இயற்கையான எல்லை வருகிறது. சாதாரண ஒளி நுண்ணோக்கியால் ஒரு மைக்ரோமீட்டரில் ஐந்தில் ஒரு பங்குக்குக் கீழே எதையும் பிரித்துக் காட்ட முடியாது. கண்ணாடி எவ்வளவு நல்லதானாலும் ஒளி அலையின் நீளமே குறுக்கே நிற்கும். ஜெர்மன் இயற்பியலாளர் எர்ன்ஸ்ட் அபே 1873லேயே இதைச் சொல்லிவிட்டார். டிங்கி வைரஸ் அதைவிட நான்கு மடங்கு சிறியது. எலக்ட்ரான் நுண்ணோக்கியில் அதைப் பார்க்கலாம். ஆனால் காற்று இல்லாத அறையில், உறையவைத்தோ உலர்த்தியோ வைத்த உயிரற்ற உருவமாகத்தான். ஆகவே வைரஸ் உடம்புக்குள் நீந்திப் போய் உயிரணுவின் கதவைத் தட்டுவதாக நீங்கள் பார்த்த காட்சி எல்லாம் கணினியில் வரைந்தவை. கோவிட் என்றதும் கண்ணில் நிற்கும் அந்தச் சாம்பல் உருண்டையும் சிவப்பு முட்களும் அமெரிக்க நோய்க் கட்டுப்பாட்டு மையத்தின் ஓவியர்கள் இருவர் 2020 ஜனவரியில் உருவாக்கியவை. வைரஸுக்கு நிறமே கிடையாது. வரைவதில் தவறில்லை. வரைந்தது என்று சொல்லாமல் விடுவதுதான் தவறு. ஒரு நாள் உண்மை தெரியும்போது, பார்த்தவர் மற்றதையும் சந்தேகிப்பார்.

அளவை மனத்தில் ஏற்ற நான் பள்ளிப் பிள்ளைகளிடம் சொல்வது இது. டிங்கி வைரஸ் ஒரு மிளகு அளவுக்கு வீங்கிவிட்டதாக வைத்துக்கொள்வோம். அதே கணக்கில் நம் இரத்தத்தின் சிவப்பணு மாமாக் உணவுக் கடையின் சிறிய வட்ட மேசை அளவு இருக்கும். அந்த வைரஸைச் சுமந்து வரும் கொசு? பினாங்கின் கொம்தார் கோபுரத்தைப் போல இரண்டு மடங்கு உயரம். பிள்ளைகள் சன்னல் வழியே எட்டிப் பார்ப்பார்கள். அந்தக் கணத்தில் அவர்களுக்கு ஒன்று புரிந்துவிடுகிறது: மிளகைத் தேடிப் பயனில்லை, கோபுரத்தைப் பிடிக்கலாம்.

சுகாதாரப் படம் எடுப்பவர்களிடையே வெகுகாலமாகச் சுற்றும் கதை ஒன்று உண்டு. ஏதோ ஒரு கிராமத்தில் கொசுவைத் திரை முழுக்கப் பெரிதாக்கிக் காட்டினார்களாம். “எங்க ஊர்ல இவ்வளவு பெரிய கொசு இல்ல, எங்களுக்குக் கவலை இல்ல” என்று மக்கள் எழுந்து போய்விட்டார்களாம். கிராமத்தாரைக் கேலி செய்யத்தான் இதைச் சொல்வார்கள். எனக்கு அந்தக் கிராமத்தார் பக்கம்தான் நியாயம் தெரிகிறது. அவர்கள் கண்ட கொசுவிலிருந்து திரையில் தெரிந்த கொசு வரைக்கும் யாரும் அவர்களைக் கைபிடித்து அழைத்துப் போகவில்லை.

எங்கள் அம்மா கெடாவில் ஒரு ரப்பர் தோட்டத்து லயத்தில் வளர்ந்தவர். அரசாங்க சினிமா லாரி வந்த நாட்களைப் பற்றி இன்றும் கண் விரிய விரியச் சொல்வார். 1946இல் கோலாலம்பூரில் மலாயா திரைப்படப் பிரிவு தொடங்கிய பிறகு, திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டுவது தோட்டப்புறங்களில் பரவலானது. சாக்கை விரித்து உட்கார்ந்திருக்க, லாரிக்குப் பக்கத்தில் நின்று ஒருவர் ஒலிபெருக்கியில் தமிழில் விளக்கம் சொல்வாராம். அம்மாவுக்கு நினைவில் நிற்பது படம் அல்ல, அந்தத் தமிழ்க் குரல்தான். “நேத்து நீங்க செருப்பில்லாம நின்ன மண்ணு இது” என்று சொன்னாராம்.

அந்த ஒரு வாக்கியத்தின் பின்னால் பெரிய வரலாறு இருக்கிறது. தோட்டத் தமிழர்களை உருக்கிய நோய்களில் ஒன்று கொக்கிப்புழு. 1915 முதல் 1917 வரை ராக்ஃபெல்லர் அறக்கட்டளையின் குழு ஒன்று மலாயா, ஜாவா, ஃபீஜி என்று சுற்றி இதை ஆராய்ந்தது. மலத்தோடு வெளியேறும் முட்டை ஈர மண்ணில் பொரித்து, சில நாட்களில் மிகச் சிறிய புழுவாகி, வெறுங்கால் தோலைத் துளைத்து உள்ளே போகும். இரத்தத்தில் ஏறி நுரையீரலுக்கு, அங்கிருந்து தொண்டைக்கு, விழுங்கும்போது குடலுக்கு. குடல் சுவரைக் கவ்விக்கொண்டு நாள்தோறும் இரத்தம் குடிக்கும். கணக்கற்ற பெண்கள் சோகை பிடித்து, சோம்பேறி என்று கங்காணியிடம் ஏச்சு வாங்கியிருக்கிறார்கள். நோய் மண்ணில் இருந்தது; பழி அவர்கள் மேல் விழுந்தது. இந்த நோய்க்கு நுண்ணோக்கிப் படம் அருமையாகப் பொருந்தும், ஏனென்றால் கால், மண், புழு மூன்றையும் ஒரே தொடராகக் காட்டலாம். லாரிக்காரர் சொன்ன வாக்கியம் அந்தத் தொடரின் முதல் கண்ணி.

சரி, இனி டிங்கிக்கு வருவோம். மலாயாவில் இந்தக் காய்ச்சல் பற்றிய முதல் மருத்துவப் பதிவு 1902இல் பினாங்கிலிருந்து வந்தது. 2019இல் நாடு முழுவதும் 130,101 பேருக்கு டிங்கி. 182 பேர் இறந்தார்கள். வைரஸை உயிரோடு படம் பிடிக்க முடியாது என்று பார்த்தோம். ஆனால் அது வரும் வழியில் கைப்பேசிக் கேமராவுக்கே எட்டும் இடங்கள் பல இருக்கின்றன. நான் இப்போது காட்டும் படம் மணிபிளாண்ட் வைத்த ஒரு கண்ணாடிப் புட்டியில் தொடங்குகிறது. நம்மவர் வீட்டு வரவேற்பறையில் எங்காவது ஒரு மூலையில் அது இருக்கும். கைப்பேசியில் எடுத்த சாதாரணக் காட்சி. கேமரா மெல்ல நெருங்குகிறது. தண்ணீர் மட்டத்துக்குச் சற்று மேலே, புட்டியின் உட்சுவரில், மிளகுத்தூள் ஒட்டியது போலச் சில கறுப்புப் புள்ளிகள். இங்கே கைப்பேசியில் மாட்டும் சின்ன உருப்பெருக்கு வில்லைக்கு மாறுகிறேன். புள்ளி நீண்டு, கறுத்துப் பளபளக்கும் கொசு முட்டையாகத் தெரிகிறது. தண்ணீரை ஊற்றிவிட்டுப் புதுத் தண்ணீர் பிடிக்கும் கை அடுத்து வருகிறது. வாரந்தோறும் நாம் செய்வதுதான். முட்டைகள் சுவரிலேயே ஒட்டிக்கொண்டிருக்கின்றன.

அடுத்த காட்சிக்காகத்தான் அந்தப் படத்தையே எடுத்தேன். ஒரு காகிதத் துண்டில் ஒட்டிய முட்டைகளைப் பல வாரம் காயவைத்திருந்தேன். டிங்கியைப் பரப்பும் ஏடிஸ் கொசுவின் முட்டை மாதக்கணக்கில் காய்ந்து கிடந்தாலும் உயிரோடிருக்கும். அந்தத் துண்டை நுண்ணோக்கியின் கீழே வைத்து, ஒரு சொட்டுத் தண்ணீர் விடுகிறேன். கடிகாரம் மூலையில் ஓடுகிறது. முதலில் ஒன்றுமே நடப்பதில்லை. பிறகு ஒரு முட்டையின் ஒரு முனை தொப்பியைக் கழற்றுவது போலத் திறக்கிறது. உள்ளிருந்து ஒரு தலை. தள்ளித் தள்ளி வெளியே வந்து, உடம்பை ஒரு சொடுக்குச் சொடுக்கி நீந்திப் போகிறது. அப்புறம் இன்னொன்று. வெட்டாமல், வேகப்படுத்தாமல் அப்படியே விட்டிருக்கிறேன்.

மண்டபத்தில் இந்த இடத்தில் எப்போதும் ஓர் அமைதி வரும். யாராவது ஒரு பெண் மெதுவாகச் சொல்வார்: “அப்போ தண்ணிய கொட்டினா மட்டும் பத்தாது.” ஆமாம், புட்டியின் உட்சுவரைத் தேய்த்துக் கழுவ வேண்டும். அதை நான் சொல்ல வேண்டியே இருப்பதில்லை. துண்டுத்தாளில் அச்சடித்துத் தந்தபோது யார் காதிலும் ஏறாத அதே விஷயம்தான் இது.

பிறகு புழு. மலாயில் ஜென்டிக்-ஜென்டிக் என்று சொல்லித்தான் நம் பிள்ளைகளுக்கும் பழக்கம். தலைகீழாகத் தொங்கி, வால்பக்கக் குழாயைத் தண்ணீர் மட்டத்தில் நீட்டி மூச்சு விடும். உடம்பு கண்ணாடி போல இருப்பதால், முதுகு நெடுக ஓடும் இதயக் குழாய் துடிப்பது தெரியும். வாயோரத் தூரிகைகள் வாரிப் போடும் இரை குடலில் இறங்குவது தெரியும். இரக்கம் வரும் அளவுக்கு அழகு. வரட்டும், எனக்கு ஆட்சேபம் இல்லை. எதிரி, போர், படையெடுப்பு என்ற சொற்களை நான் மண்டபத்தில் பயன்படுத்துவதில்லை. கிருமியை எதிரியாக்கிவிட்டால் அடுத்த படியில் அது வந்த மனிதரும் எதிரியாகிவிடுவார். காசநோய் வந்தவரின் தட்டையும் டம்ளரையும் தனியே வைத்த வீடுகளை நான் பார்த்திருக்கிறேன். அது காற்றில் வரும் நோய். சன்னலைத் திறந்து வைத்திருந்தால் பயன் இருந்திருக்கும்.

கடைசிப் பகுதியில் நுண்ணோக்கி இல்லை. டிங்கி நோயாளியைக் கடித்த கொசுவின் வயிற்றில் வைரஸ் பெருகி, உமிழ்நீர்ச் சுரப்பிக்குப் போய்ச் சேர எட்டு முதல் பன்னிரண்டு நாள் ஆகும். அதன் பிறகு சாகும் வரை அது கடிக்கும் ஒவ்வொருவருக்கும் கொடுக்கக்கூடும். இதை வரைபடமாகக் காட்டுகிறேன். ‘இது வரைந்தது’ என்று பெரிய எழுத்தில் போடுகிறேன். பிறகு கேமரா மீண்டும் அதே வரவேற்பறைக்கு வந்து, புட்டியைத் தேய்த்துக் கழுவும் கையில் நிற்கிறது.

போன ஆண்டு அதே ஆயர் ஈத்தாம் மண்டபத்துக்கு மறுபடியும் போனேன். அதே பாட்டி, அதே முன்வரிசை. இந்த முறை பேரனையும் கூட்டி வந்திருந்தார். வாய்க்கு இரட்டை வலைத்துணி கட்டிய ஒரு போத்தலில் கூட்டுப்புழுக்களைக் கொண்டுபோயிருந்தேன். பேச்சு நடந்துகொண்டிருக்கும்போதே ஒன்று பிளந்தது. கொசு தண்ணீர் மேல் எழுந்து, தான் விட்ட கூட்டின் மேலேயே நின்று காலைக் காயவைத்தது. கேமராவை அதன் தலைக்கு நெருக்கிக் கொண்டுபோனேன். சுவர் முழுக்க இரண்டு உணர்கொம்புகள், கோழி இறகு போலப் பஞ்சுபஞ்சாக.

“ஏம்மா, இது கெடுதலா?” என்று பாட்டி ஆரம்பித்தார். நான் வாயைத் திறப்பதற்குள் பையன் திரும்பிச் சொன்னான்: “இல்ல பாட்டி, இறகு மாதிரி இருந்தா ஆம்பள கொசு. அது கடிக்காது. ஆம்பளதான் மொதல்ல வருமாம். பொம்பள கொசு பின்னால வரும், பாருங்க.” இருவரும் போத்தல் பக்கம் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார்கள்.